தேதி போடாத பக்கம்

அந்த அம்மணியைப் பற்றி நாலு நல்ல வார்த்தை எழுத எனக்கு இருபது வருஷத்துக்கு மேல் ஆகிவிட்டது. எழுதாமல் விட்டதற்கு மறதி காரணமில்லை, வெட்கம். எதற்கு வெட்கம் என்பதைப் போகப்போகச் சொல்கிறேன். முதலிலேயே கொட்டிவிட்டால் மேற்கொண்டு எழுத எனக்குத் தைரியம் இருக்காது.

கோயமுத்தூரில் உள்ளூர் கேபிள் சேனல்கள் தலையெடுத்த காலம். காந்திபுரத்தில் மோட்டார் காயில் கட்டும் கடை ஒன்றுக்கு மேலே இரண்டாவது மாடியில் எங்கள் சேனல். நான் அங்கே கேமராவும் எடிட்டிங்கும். எடிட்டிங் என்றால் இரண்டு வீடியோ டெக்கைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்து, இதில் ஓடவிட்டு அதில் பதிவது. எல்லாம் கட்டைவிரல் வேலை. என் கட்டைவிரலைப் பற்றி எனக்குக் கொஞ்சம் கர்வமும் உண்டு. அப்படி நான் ராஜாவாக இருந்த இடத்துக்கு ஒரு நாள் முதலாளி ஒரு பெண்ணையும் ஒரு கம்ப்யூட்டரையும் சேர்த்துக் கூட்டிக்கொண்டு வந்து, "இனிமே எழுத்து, படமெல்லாம் இந்த அம்மணி பாத்துக்கும்" என்றார். எனக்கு அன்றைக்குச் சோறு இறங்கவில்லை.

அவர் அதற்கு முன் பீளமேட்டுப் பக்கம் ஒரு பம்புசெட் கம்பெனியில் டிராயிங் செக்‌ஷனில் இருந்தவர். தண்ணீர் மோட்டாருக்குள் சுற்றும் சக்கரத்தைக் கம்ப்யூட்டரில் வரைவது வேலை. வரைந்த சக்கரம் திரையில் சுற்றினால் எப்படி இருக்கும் என்று அவருக்கு ஆசை வந்திருக்கிறது. சுற்றவைத்திருக்கிறார். சுற்றினதை டிவியில் காட்ட முடியுமா என்று அடுத்த ஆசை. அதற்கான கார்டைச் சென்னையிலிருந்து வரவழைத்து, கம்ப்யூட்டரைப் பிரித்துத் தன் கையாலேயே மாட்டியிருக்கிறார். எங்கள் பக்கம் அதற்கு முன்னால் அந்த வேலையை யாரும் செய்து நான் பார்த்ததில்லை. சந்தேகம் கேட்க ஆள் கிடையாது. படம் கோணலாக வந்தால் அவரேதான் முட்டி மோதிச் சரிசெய்ய வேண்டும்.

அவருக்கு முப்பது இருக்கும், எனக்கு முப்பத்தாறு. அவர் என்னை அண்ணா என்பார், நான் அம்மணி என்பேன். வாய் நிறைய 'ங்க' போட்டுக்கொண்டு நாங்கள் போட்ட சண்டையை வெளியூர்க்காரர்கள் கேட்டிருந்தால், ஏதோ விருந்துக்கு அழைத்துக்கொள்கிறோம் என்றுதான் நினைத்திருப்பார்கள்.

"நாலு எழுத்துப் போடறதுக்கு நாப்பது நிமிசமுங்களா அம்மணி? பெயிண்டர்கிட்டக் குடுத்தா நாலு நிமிசத்துல எழுதித் தந்துட்டுப் போயிருவானுங்க."

"பெயிண்டர் எழுதுனா வெளக்கு அசையாதுங்கண்ணா."

அது உண்மைதான். அவர் செய்த பக்கங்களில் விளக்கு அசையும். பக்கம் என்பது டிவி திரையில் ஓர் அறிவிப்பு நிற்பது. யாராவது இறந்துபோனால் அவருடைய படம், பெயர், தோற்றம், மறைவு, எத்தனை மணிக்கு எடுக்கிறார்கள் என்ற விவரம், ஓரத்தில் ஒரு குத்துவிளக்கு. அந்தச் சுடர் லேசாக ஆடிக்கொண்டிருக்கும். இப்போது செல்போனில் பள்ளிக்கூடப் பிள்ளைகள் மூன்று நொடியில் செய்துவிடுகிறார்கள். அன்றைக்கு அது ஊரையே வாய் பிளக்கவைத்தது. அந்த ஒரு சுடர் ஆடுவதற்குத்தான் மெஷின் நாற்பது நிமிடம் முக்கும். "வேகுதுங்கண்ணா, இன்னும் வேகலீங்க" என்பார் அம்மணி, அரிசி வேகிற மாதிரி. நடுவில் யாரும் மெஷினைத் தொடக்கூடாது. தொட்டால் மறுபடி முதலிலிருந்து நாற்பது நிமிடம்.

அந்த நாற்பது நிமிடம்தான் அவரை ஒரு மாதிரி ஆக்கியது.

மதுக்கரையில் ஒரு அம்மா. அவருடைய அண்ணன் இங்கே கோயமுத்தூர் ராமநாதபுரத்தில் இறந்துபோனார். வீட்டார் படத்தை எங்களிடம் கொண்டுவந்து கொடுத்தபோதே மூன்றேகால். நாலு மணிக்கு எடுக்கிறார்கள். அம்மணி உட்கார்ந்தார், தட்டினார், வேகவைத்தார். வெந்து திரைக்குப் போனபோது நாலு அடித்துவிட்டது. அந்த அம்மா டிவியில் பார்த்துவிட்டு அலறியடித்துக்கொண்டு பஸ் பிடித்து வந்து சேர்ந்தபோது மண் போட்டு முடித்துவிட்டார்கள். மறுநாள் எங்கள் கட்டடத்துக்குக் கீழே நடுரோட்டில் நின்று அந்த அம்மா மண்ணை வாரித் தூற்றினார். "கடைசியா எங்கண்ணன் மொகத்தைப் பாக்க உடாமப் பண்ணிப்போட்டீங்களே, நல்லா இருப்பீங்களா" என்று கத்தியது இரண்டாவது மாடிக்கும் தெளிவாகக் கேட்டது. முதலாளி கதவைச் சாத்தினார். நான் டெக்கில் சத்தத்தைக் கூட்டினேன். அம்மணி மட்டும் படியிறங்கிப் போய், அந்த அம்மா ஓய்கிற வரைக்கும் முன்னால் கைகட்டி நின்றுவிட்டு வந்தார்.

அன்றிலிருந்து அவர் எதையும் அந்தந்த நேரத்துக்கென்று விட்டதில்லை. எல்லாம் முன்கூட்டியே செய்துவைத்துவிடுவார். சிறுவாணித் தண்ணீர் வராது என்ற பக்கம் ஒவ்வொரு ஏரியாவுக்கும் தனித்தனியாக இருக்கும். நொய்யலில் வெள்ளம் என்றொரு பக்கம், ஆற்றில் சொட்டுத் தண்ணீர் இல்லாத மாசியிலேயே தயார். தேர்தலில் நின்ற பதினான்கு பேருக்கும் 'வெற்றி பெற்றார்' என்று பதினான்கு பக்கம் வேகவைத்துவிட்டார். அதில் ஒரு சுயேச்சை, தையல்காரர். விஷயம் எப்படியோ காதுக்குப் போய் எங்கள் ஆபீசுக்கே வந்துவிட்டார். "ஏனுங்கம்மணி, நான் செயிச்ச மாதிரி ஒண்ணு இருக்குதாமாங்க? ஒருக்காப் பாத்துட்டுப் போயர்றேனுங்க" என்றார். அம்மணி அதை ஊருக்குப் போகவிடாமல் ஆபீஸ் டிவியில் மட்டும் போட்டுக் காட்டினார். மனிதர் கும்பிட்டபடி நின்று ஆசை தீரப் பார்த்துவிட்டு, "போதுமுங்க, இனி தோத்தாலும் பரவால்லீங்க" என்று சொல்லிவிட்டுப் போனார். தோற்றார்.

சினிமாக்காரர்களும் வந்தார்கள். பொள்ளாச்சிப் பக்கம் ஒரு பாட்டு எடுத்துவிட்டுப் போட்டுப் பார்த்தால், பழைய காலத்துக் கதையில் பின்னால் கரண்டு கம்பி போகிறது. திரும்ப எடுக்க ஹீரோ தேதி இல்லை. சென்னையில் ஒருவர் முடியாது என்றாராம், இன்னொருவர் ஒரு மாதம் கேட்டாராம். யாரோ சொல்லி இங்கே வந்தார்கள். ஒரு நொடிக்கு இருபத்துநாலு படம், ஒவ்வொரு படத்திலும் கம்பியைத் துடைத்து அந்த இடத்தில் ஆகாயத்தைப் பூச வேண்டும். அம்மணி ஐந்து நாள் உட்கார்ந்து செய்தார். அதுவும் ஒன்றாக இல்லை, மூன்று விதமான ஆகாயத்தோடு மூன்றாக. "டைரக்டருக்கு வெயிலாட்ட வேணுமோ, மோடம் போட்டாப்பல வேணுமோ, அந்தி சாயறாப்பல வேணுமோ? கேட்டதுக்கப்புறம் வேகவெக்க நேரம் இருக்காதுங்க" என்றார். டைரக்டர் மூன்றையும் பார்த்து மலைத்துப்போய் எழுந்து நின்று கைகொடுத்தார். எனக்கு வயிறு எரிந்தது என்று சொல்லிவிடுவதுதான் மரியாதை.

இவ்வளவும் சரி. அதற்குள் எனக்கும் மெஷினைக் கொஞ்சம் கற்றுக்கொடுத்திருந்தார். ஒரு நாள் அதில் ஏதோ தேடப்போய் ஒரு பெயர் வரிசையைப் பார்த்துவிட்டேன். ஒரு மில் முதலாளி, ரிட்டயர்டான ஒரு ஹெட்மாஸ்டர், கோயில் தர்மகர்த்தா ஒருவர், தெலுங்கு பேசும் ஒரு பெரிய பண்ணைக்காரர். எல்லாரும் எண்பது தாண்டியவர்கள், எல்லாரும் உயிரோடு இருப்பவர்கள். ஒன்றைத் திறந்தேன். படம், பெயர், தோற்றம், ஆடுகிற விளக்கு. மறைவு என்று போட்டு, அதற்கு நேரே காலியாக விட்டிருந்தது.

"ஏனுங்கம்மணி, இது எமன் செய்யற வேலையல்லீங்களா?"

"எமன் சொல்லிப்போட்டா வாரானுங்க? வந்தா நாப்பது நிமிசம் பொறுப்பானுங்களா? தேதி ஒண்ணு போடறதுக்கு ஒரு நிமிசமுங்க. மதுக்கரையம்மா மாதிரி இன்னொருத்தங்க வந்து நிக்கக்கூடாதுங்கண்ணா."

பதில் நியாயமாகத்தான் இருந்தது. ஆனாலும் அன்றிலிருந்து அவர் யாரையாவது ஏறிட்டுப் பார்த்தால் யாரைப் பார்க்கிறார் என்று நானும் திரும்பிப் பார்ப்பேன். வாசலில் வந்து நிற்கும் பெரியவரைப் பார்த்து அவர் "நல்லா இருக்கீங்களாங்க?" என்று கேட்டால், அது வெறும் விசாரிப்பா, கணக்கா என்று நினைக்கத் தோன்றும்.

அவர் போட்ட சட்டம் ஒன்று உண்டு. கரண்டு போய் வந்தால், மெஷினை ஆன் பண்ணும் முன் பின்னால் கேபிளைக் கழற்றிவிட வேண்டும். அந்தக் கேபிள் வழியாகத்தான் படம் ஊருக்குப் போகிறது. "மெஷினு கண்ணு முழிக்கறப்ப, கடைசியா எதைப் பாத்துட்டுத் தூங்குச்சோ அதைத்தானுங்க மொதல்ல காட்டும். அது ஊருக்குப் போகக்கூடாதுங்கண்ணா" என்று ஆயிரம் தரம் சொல்லியிருப்பார். நானும் ஆயிரம் தரம், "செரிங்க, செரிங்க" என்றிருக்கிறேன்.

அந்த வருஷம் ஐப்பசியில் அப்பாவுக்கு நெஞ்சுவலி. அப்பாவுக்குக் கருமத்தம்பட்டியில் எட்டுத் தறி. அவரை அவினாசி ரோட்டில் ஒரு ஆஸ்பத்திரியில் சேர்த்தோம். கூட ஒருவர்தான் இருக்கலாம் என்றார்கள். தம்பி இருந்தான். அம்மாவுக்குப் பிரஷர், ஆஸ்பத்திரி வாடையே ஆகாது என்று ஊரிலேயே விட்டிருந்தோம். எங்கள் கேபிள் கருமத்தம்பட்டி வரைக்கும் போயிருந்தது. அம்மா பொழுதுக்கும் எங்கள் சேனலைத்தான் பார்ப்பாள். மகன் வேலை செய்கிற சேனல் அல்லவா? இழவுப் பக்கம் வந்தால்கூடக் கண்ணாடியை மாட்டிக்கொண்டு எழுத்துக்கூட்டிப் படித்து முடிப்பாள்.

நாலாம் நாள் மத்தியானம் ஒரு மணிக்கு டாக்டர் ரிசல்ட் சொல்வதாக இருந்தது. எனக்கு ஆபீசில் இருப்புக்கொள்ளவில்லை. பன்னிரண்டே முக்காலுக்குக் கரண்டு போயிற்று. அம்மணி யாருடைய போட்டோவையோ வாங்க ஸ்டுடியோவுக்குப் போயிருந்தார். ஒரு மணிக்கு அறிவிப்பு நேரம், அவர் மெஷினிலிருந்துதான் பக்கங்கள் போக வேண்டும். ஒன்றுக்குச் சரியாகக் கரண்டு வந்தது. மெஷின் கண் விழிக்க அஞ்சு நிமிடம் ஆகும். ஆபீஸ் போனின் டயலுக்கு முதலாளி பூட்டுப் போட்டிருந்தார்; அதற்குள் கீழே டெலிபோன் பூத்துக்குப் போய் ஆஸ்பத்திரியில் இருக்கும் தம்பியைக் கூப்பிட்டுவிடலாம், அப்படியே ஒரு டீயும் குடித்துவிடலாம் என்று நினைத்தேன். சுவிட்சைத் தட்டிவிட்டுப் படியிறங்கினேன்.

கேபிளைக் கழற்றவில்லை.

பூத்தில் ஆள் நின்றதால் பக்கத்துப் பேக்கரியில் டீ சொன்னேன். அங்கே எங்கள் சேனல்தான் ஓடிக்கொண்டிருந்தது. திரை கறுப்பாகி, பிறகு வெளிச்சம் வந்தது. அப்பா. மணிவிழாவில் நானே எடுத்து ஆபீசில் வைத்திருந்த படம். நெற்றியில் சந்தனம், தலையில் பட்டுத்துண்டு. கீழே அவர் பெயர், ஊர். பக்கத்தில் அந்த விளக்கு ஆடிக்கொண்டிருந்தது.

எனக்கு ஒரு துளிகூடச் சந்தேகம் வரவில்லை. அதுதான் இன்றைக்கும் என்னால் தாங்க முடியாதது. தம்பி ஆபீசுக்குப் போன் பண்ணிவிட்டான், அம்மணி வந்து போட்டுவிட்டார் என்றே நினைத்தேன். அதற்கு நாற்பது நிமிடம் வேண்டும் என்பதுகூட என் மண்டையில் ஏறவில்லை. அந்த அம்மணி போட்டால் அது சரியாகத்தான் இருக்கும் என்று என் உடம்பே நம்பிவிட்டது. கையிலிருந்த டீ கிளாஸ் நழுவிக் காலில் கொட்டியது, சுடவில்லை. பேக்கரிக்காரர், "ஏனுங்கண்ணா, என்னாச்சுங்க?" என்றார். "எங்கப்பாங்க" என்று டிவியைக் காட்டினேன். அவர் ஓடிவந்து என் தோளைப் பிடித்துக்கொண்டார்.

அம்மா பார்த்துக்கொண்டிருப்பாளே என்று அப்புறம்தான் உறைத்தது. ஆளைத் தள்ளிவிட்டுப் பூத்துக்குள் புகுந்து, ஊரில் எங்கள் பக்கத்து வீட்டு நம்பரைச் சுழற்றினேன். என்கேஜ்டு. மறுபடி, என்கேஜ்டு. மொபெட்டை எடுத்துக்கொண்டு ஆஸ்பத்திரிக்குப் பறந்தேன். வழியெல்லாம் சத்தமாக அழுதேன். சிக்னலில் நின்றவர்கள் திரும்பிப் பார்த்தார்கள்.

வார்டுக்குள் போனால் அப்பா தலையணையில் சாய்ந்து உட்கார்ந்து கஞ்சி குடித்துக்கொண்டிருக்கிறார்.

"ஏன்டா இப்புடி வேர்த்து வடியறே? சோறு தின்னியா?" என்றார்.

நான் தரையிலேயே உட்கார்ந்துவிட்டேன். தம்பி, "ஒண்ணும் பயமில்லையாமாண்ணா, நாலு நாள்ல ஊட்டுக்குப் போலாம்னு டாக்டர் சொல்லிப்போட்டாரு" என்று சிரித்தான். அந்த நிமிடம்தான் கேபிள் ஞாபகம் வந்தது. மெஷின் கடைசியாக எதைப் பார்த்துவிட்டுத் தூங்கியது என்பதும் புரிந்தது. முந்தின நாள் சாயங்காலம் அந்த அம்மணி என் அப்பாவுக்குப் பக்கம் செய்து வேகவைத்து, இன்றைக்கு ஸ்டுடியோவுக்குப் போகும் முன் ஒரு தரம் திறந்து பார்த்திருக்கிறார். உயிரோடு இருக்கிற என் அப்பாவுக்கு. அப்பாவிடம் ஒன்றும் சொல்லாமல் எழுந்து வெளியே ஓடினேன்.

பாதி வழி தாண்டுகிற வரைக்கும் என் வாயில் வந்ததெல்லாம் அந்த அம்மணியைத் திட்டிய வார்த்தைகள்தான். என் கைதான் சுவிட்சைப் போட்டது என்று மனசு ஓரமாகச் சொல்லிக்கொண்டே வந்தது. அதைக் காதில் போட்டுக்கொள்ளவில்லை.

கருமத்தம்பட்டி நால்ரோட்டில் மாமாவைப் பார்த்தேன். அம்மாவின் அண்ணன், சோமனூரில் இருப்பவர். ஜவுளிக்கடை வாசலில் காரில் ஏறப்போகிறார். கையில் வெள்ளைப் பொட்டலம். அது கோடி. புருஷன் இறந்தால் பொறந்த வீட்டிலிருந்து பெண்ணுக்குக் கொண்டுவந்து போடுகிற புதுச்சேலை. அது இன்னும் பத்து நிமிடத்தில் எங்கள் வீட்டு வாசல்படி ஏறியிருக்கும். புருஷன் ஆஸ்பத்திரியில் கஞ்சி குடித்துக்கொண்டிருக்க, பொண்டாட்டி கையில் கோடி! மொபெட்டை அப்படியே கீழே போட்டுவிட்டுக் காருக்கு முன்னால் போய் நின்றேன்.

"மாமா, போகாதீங்க. அப்பா இருக்காருங்க."

"என்ன மாப்ள சொல்றீங்க? டீவியில போட்டாங்களே!"

"தப்பாப் போட்டுட்டாங்க மாமா. இப்பத்தான் பாத்துட்டு வாரேன், கஞ்சி குடிச்சுட்டு இருக்காருங்க."

மாமா அழுதுகொண்டே சிரித்தார். "ஆயுசு கெட்டி மச்சானுக்கு" என்றார். அப்புறம்தான் கையிலிருந்ததைப் பார்த்தார். முகம் செத்துப்போயிற்று. கோடி என்று கேட்டு வாங்கினதைக் கடையில் திருப்பித் தர முடியாது. வீட்டுக்குக் கொண்டுபோக முடியாது, யாருக்கும் கொடுக்கவும் முடியாது. நடுரோட்டில் அந்தப் பொட்டலத்தைத் தன் உடம்பில் படாமல் தள்ளிப் பிடித்துக்கொண்டு நின்றார். கடைசியில், "சாமளாபுரம் கொளத்துல உட்டுப்போட்டுத் தலை முழுகிட்டு வாரேன். உங்கம்மாகிட்ட இதை மூச்சுவுடாதீங்க மாப்ள" என்று காரைத் திருப்பிக்கொண்டு போனார்.

வீட்டு வாசலில் ஐம்பது பேர். பெஞ்சு போட்டிருந்தார்கள். யாரோ ஒரு அத்தை மூக்கைச் சிந்திக்கொண்டிருந்தாள். கூட்டத்தை விலக்கி உள்ளே போனால், அம்மா டிவிக்கு எதிரே நாற்காலியில் நிமிர்ந்து உட்கார்ந்திருந்தாள். கண்ணாடியைக்கூடக் கழற்றவில்லை.

"அம்மா, அப்பா இருக்காரும்மா."

"தெரியும் சாமி" என்றாள். "மொதல்ல எனக்கு உசுரே போயிருச்சு. அப்புறம் பாத்தா, மறைவுன்னு போட்டிருக்குது, தேதியக் காணோம். அந்தப் புள்ள ஒரு நாளும் தேதி உட்டுப்போட்டுப் போட்டதில்லடா. தேதி இல்லாம எப்புடி சாவாங்க? இவளுக எல்லாம் வந்து கட்டிப்புடிச்சு அழுவறாளுக. நான் அந்த வெத்து எடத்தையே பாத்துட்டு உக்காந்திருந்தேன். கண்ணச் சிமிட்டுனா தேதி வந்துருமோன்னு சிமிட்டவே இல்லை."

பதினோரு நிமிடம் அந்தப் பக்கம் நின்றிருக்கிறது. நானும் பார்த்தேன், மாமாவும் பார்த்தார், ஊரே பார்த்தது. காலி இடத்தைப் பார்த்தது அம்மா ஒருத்திதான்.

"அதுக்கப்புறம் ஒரு புள்ள டீவியில வந்துச்சுடா. தலைகூடச் சீவல. 'கருமத்தம்பட்டி அம்மா, உங்க ஊட்டுக்காரரு நல்லா இருக்காருங்க, இப்பத்தான் ஆசுபத்திரி நர்சம்மாகிட்டப் போன்ல கேட்டுட்டு வந்து சொல்றேனுங்க, அந்தப் படம் எங்க தப்புங்க'ன்னு சொல்லுச்சு. சொன்னதையே திருப்பித் திருப்பி நாலு தரம் சொல்லுச்சு. அழுதுருச்சு பாவம்."

அம்மணி ஸ்டுடியோவிலிருந்து திரும்பி வந்து பார்த்திருக்கிறார். கேபிளைப் பிடுங்கியிருக்கிறார். எல்லாவற்றுக்கும் பக்கம் வைத்திருந்த அவரிடம், ஒருவர் சாகவில்லை என்று சொல்ல ஒரு பக்கம் இல்லை. வேகவைக்க நேரமும் இல்லை. என் கேமராவைத் தன் பக்கம் திருப்பிவைத்துக்கொண்டு முன்னால் உட்கார்ந்துவிட்டார். என்ன பேசுவதென்று ஒரு வரி எழுதிக்கொள்ளவில்லை. நான் அறிந்து அவர் முன்கூட்டிச் செய்துவைக்காமல் செய்த காரியம் அது ஒன்றுதான்.

அப்பா எட்டாம் நாள் வீட்டுக்கு வந்தார். அதற்குப் பிறகும் வருஷக்கணக்கில் தறி ஓட்டினார். அம்மணி இரண்டு வருஷம் கழித்துச் சென்னைக்குப் போனார், சினிமா வேலைக்கு. நான் பார்த்து வியந்த சில படங்களில் அவர் கை இருந்ததாகக் கேள்வி. டைட்டிலில் அவர் பெயரைத் தேடினேன், கண்ணில் படவில்லை. அதெல்லாம் பின்னால். நான் சொல்ல வந்தது அன்றைக்குச் சாயங்காலம் நடந்தது.

அஞ்சு மணி வாக்கில் பஸ்ஸில் வந்து இறங்கி, வழி கேட்டுக் கேட்டு அவர் எங்கள் வீட்டுக்கு வந்தார். சொந்தக்காரர்கள் யாரும் இன்னும் கிளம்பியிருக்கவில்லை. வாசல்படியில் அவரைப் பார்த்ததும் எனக்குத் தலைக்கேறிவிட்டது.

"எங்கப்பனுக்கு எதுக்குடி செஞ்சே? அவரு செத்துட்டாருன்னு நீ பாத்தியா?" என்று கத்தினேன். வாழ்நாளில் ஒரு பெண்ணை 'டி' போட்டுப் பேசியது அன்றைக்கு ஒரு நாள்தான். அவர் செருப்பைக் கழற்றிவிட்டு நின்றார்.

"வாயை மூடுடா" என்றாள் அம்மா. "நீ உள்ள வந்து உக்காரு கண்ணு."

அம்மணி உட்காரவில்லை. அம்மாவின் காலைத் தொடக் குனிந்தார். அம்மா பிடித்து நாற்காலியில் உட்காரவைத்தாள். கூட்டத்தில் ஒரு பெரியப்பா, "அந்தப் படத்தை யாரும்மா போட்டு உட்டது? அதைச் சொல்லு மொதல்ல" என்று அதட்டினார்.

அம்மணி என்னைப் பார்த்தார். ஒரு நொடிதான். அந்தப் பார்வையில் கோபமே இல்லை.

"எம் மெஷினுங்க. எந் தப்புத்தானுங்க" என்றார்.

நான் தூணைப் பிடித்துக்கொண்டு நின்றேன். என் வாய் திறக்கவில்லை. மறுநாள் முதலாளி அவரைக் கிழித்துத் தோரணம் கட்டியபோதும் திறக்கவில்லை. அம்மாவிடம் கடைசி வரைக்கும் சொல்லவில்லை. இன்றைக்கு இங்கேதான் சொல்கிறேன்.

அம்மா கேட்டாள்: "பெரிய பெரிய ஆளுகளுக்கு நீ முன்னாடியே செஞ்சு வெப்பேன்னு இவன் சொல்லீருக்கறான். எங்க ஊட்டுக்காரரு தறி ஓட்டறவரு. அவருக்கு எதுக்குக் கண்ணு செஞ்சே?"

அம்மணி தலையைக் குனிந்தபடியே சொன்னார். "போன வருசம் எங்கப்பா தவறுனப்ப அவருக்கு நான்தானுங்க செஞ்சேன். இந்த வேலை தெரிஞ்சவங்க வேற ஆளில்லீங்களே. ஊட்ல எல்லாரும் அவரைச் சுத்தி உக்காந்து அழுவறாங்க, நான் ஆபீசுல எழுத்துப் பிழை இருக்குதான்னு பாத்துட்டு உக்காந்திருக்கேன். நாப்பது நிமிசமும் அவரு மூஞ்சியவே பாத்துட்டு இருந்தேனுங்க. அண்ணனும் இப்ப இந்த மெஷினைக் கத்துக்கிட்டாருங்க. நான் லீவுல இருக்கற அன்னைக்கு ஏதாச்சும் ஆயிருச்சுன்னா அவருதான் உக்காந்து செய்யோணும். அவருக்கு அந்தக் கதி வரவேண்டாமுன்னுதானுங்க."

போன வருஷம் அவர் பதினாறு நாள் லீவில் இருந்தது எனக்குத் தெரியும். பக்கத்தை யார் செய்தார்கள் என்று நான் கேட்கவே இல்லை. எனக்குத் தோன்றக்கூட இல்லை.

அம்மா இன்னொரு நாற்காலியை அவருக்குக் கிட்டே இழுத்துப் போட்டு உட்கார்ந்தாள்.

"அழிச்சுப்போட்டியா கண்ணு?"

"இல்லீங்கம்மா. உங்களைக் கேக்காம அழிக்கக்கூடாதுன்னு வெச்சிருக்கறேனுங்க. அழிச்சுப்போடுன்னு நீங்க சொன்னா, போனதும் அழிச்சுப்போடறேனுங்க."

அம்மா எழுந்து அறைக்குள் போனாள். பீரோ திறக்கிற சத்தம் கேட்டது. வெளியே வந்தபோது கையில் ஒரு போட்டோ இருந்தது. கொடிவேரியில் அருவிக்கு முன்னால் ஈரத் தலையோடு அப்பா நிற்கிற படம்.

"அழிக்க வேண்டாம். இதை வெச்சுக்க" என்றாள் அம்மா. "நீ போட்டதுல மொறச்சுட்டு நிக்கறாரு. மணிவிழாவுல பந்தி பத்தலைன்னு எல்லாருகிட்டயும் கோவம் அவருக்கு. அப்புடியா நாலு பேரு பாக்கறது?"

"அட, என்ன காரியம் பண்றே நீ? மனுசன் உசுரோட இருக்கறப்ப!" என்று அத்தை பதறினாள்.

"உசுரோட இருக்கறப்பத்தானே தேடி எடுக்க முடியும்? அன்னைக்கு எனக்குக் கண்ணு தெரியுமா, கையி வருமா?" என்றாள் அம்மா.

அம்மணி எழுந்து நின்று அந்தப் படத்தை இரண்டு கையாலும் வாங்கிக்கொண்டார். வெளிச்சத்துப் பக்கம் திரும்பி உற்றுப் பார்த்தார்.

"நல்லாச் சிரிச்சுட்டு இருக்காருங்கம்மா" என்றார்.

"ஆமாங்கண்ணு" என்றாள் அம்மா. "அன்னைக்கு நான்தான் சிரிக்க வெச்சேன்."